முற்றத்தைப் பார்ப்பவன்

வின்காவின் வீட்டுக் கூரைமேல் இருந்த இன்டர்நெட் ரூட்டரை லேப்டாப்பில் சோதித்த, பழுது பார்க்க வந்த ஊர்ப் பையன் ஃப்ரானே முகம் சுளித்தான்.

"வின்கா அத்தை, மாட்டினதிலேர்ந்து இதை அப்டேட்டே பண்ணலையா? எவனோ வெளியிலேர்ந்து உள்ள புகுந்து, தினமும் உங்க முற்றத்துக் கேமராவைப் பாக்குறான்."

வின்கா சட்டென்று எழுந்தாள். விஸ் தீவின் கடைசி வீடு. ஆள் துணை கிடையாது.

"தலை காயவைக்கிறது, ஆலிவ் பொறுக்குறது எல்லாத்தையுமா? எந்தப் படுபாவிடா அவன்? சீக்கிரம் அடைச்சுத் தொலை!"

அப்டேட் ஏறி முடியும்வரை அவள் உட்காரவே இல்லை. ஜன்னலைச் சாத்தினாள், திறந்தாள், மறுபடி சாத்தினாள்.

"முடிஞ்சுது அத்தை. பழைய பாஸ்வேர்டு எதுவும் இனி செல்லாது. ஈ கூட நுழையாது."

அவன் காபி குடித்து முடிப்பதற்குள் போன் அடித்தது.

"அம்மா! உனக்கு ஒண்ணும் ஆகலையே? கேமராவுல எதுவுமே தெரியலையேம்மா!"

டூயே. அந்த ரூட்டரை மாட்டிக் கொடுத்த மகன். அப்பாவின் படகை அவள் விற்றதற்காகச் சண்டை போட்டு அயர்லாந்துக்குப் போனவன், அதன்பின் ஒரு வார்த்தை பேசியதில்லை.

"சாப்பிட்டியாடா?" என்று கேட்பதற்குள் வின்காவின் குரல் உடைந்தது. வெகுநேரம் பேசினார்கள்.

போனை வைத்ததும் ஃப்ரானே தயங்கித் தயங்கிக் கேட்டான். "டூயேவுக்குப் புது பாஸ்வேர்டு அனுப்பட்டுமா அத்தை?"

வின்கா கண்ணைத் துடைத்துக்கொண்டாள்.

"வேணாம்டா. கேமராவுல தெரிஞ்சா, அவன் எதுக்கு எனக்குப் போன் பண்ணப் போறான்?"