துண்டுக்கு அடியில்

"'கபூர் படிப்பகம்'னு பலகை மாட்டுறதுக்கு முந்தி, அந்தப் புத்தகம் கபூர் எழுதினதுதானான்னு பார்த்துடுவோம்," என்றார் புவாட் மாஸ்டர்.

பெல்மதுளைச் சந்தியில் புதிதாகக் கட்டிய படிப்பகத்துக்குள் இருபது பேர் கூடியிருந்தார்கள். மறுநாள் காலை திறப்பு விழா. நிலம் கொடுத்தவர் சாலி ஹாஜியார். பெயர் அவருடைய வாப்பா, மாணிக்க வியாபாரி கபூருடையது. கபூர் இறந்து முப்பது வருஷம் ஆகிறது.

சாலி ஹாஜியார் நாற்காலியில் சாயாமல் நிமிர்ந்து உட்கார்ந்திருந்தார். சாய்ந்து உட்காரும் வழக்கம் அந்த வீட்டில் யாருக்கும் இல்லை. "எங்க வீட்டாளுங்க கல்லை வாங்கினவங்க, தோண்டினவங்க இல்லை" என்பது அவர் ஊருக்கு அடிக்கடி சொல்லும் வாக்கியம்.

கபூர் 1911-இல் அச்சிட்டது நாற்பது பக்கச் சிறு நூல். மாணிக்கத்துக்கு விலை பேசுகிறவர்கள் வாய் திறப்பதில்லை. ஒரு துண்டைப் போட்டு, அதற்கு அடியில் கையோடு கை சேர்த்து, விரலைப் பிடித்தே விலை சொல்லிக்கொள்வார்கள். கபூர் அதை வைத்து இப்படி எழுதியிருந்தார்: 'சொல்கிறவன் விட்டுவிட்ட விரலைக் கேட்கிறவன் தன் மனத்தில் போட்டுக்கொள்கிறான். நூலும் அப்படித்தான். பாதியை எழுதினவன் எழுதுகிறான். மீதியைப் படிக்கிறவன் எழுதுகிறான்.'

அந்த நாலு வரிக்காகத்தான் படிப்பகத்துக்கே அவர் பெயர்.

புவாட் மாஸ்டர் இரண்டு வருஷத்துக்கு முன் கொழும்பிலிருந்து வந்தவர், படிப்பகத்தின் செயலாளர். போன மாதம் கோட்டையில் பழைய புத்தகக் கடையொன்றில் ஜெர்மன் பேராசிரியர் ஒருவரின் தத்துவ நூல் அவர் கையில் கிடைத்தது. அச்சான வருஷம் 1908. ஜெர்மன் தெரிந்த ஒருவரிடம் வாசிக்கக் கொடுத்தபோது அதிலும் அதே துண்டு, அதே விரல், அதே பாதியும் மீதியும். சந்தேகம் வேண்டாமென்று இன்றைக்கு ஜெர்மன் தெரிந்த ரத்தினபுரிப் பாதிரியாரையும் அழைத்து வந்திருந்தார்.

பாதிரியார் வரிவரியாக வாசித்துத் தமிழில் சொன்னார். கேட்டவர்கள் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள்.

1906-இல் ஒரு ஜெர்மன்காரர் நீலக்கல் வாங்க வந்ததையும், கல்லை வாங்கின பிறகும் பதினைந்து நாள் கடையிலேயே உட்கார்ந்து வாப்பாவோடு பேசிக்கொண்டிருந்ததையும் சாலி ஹாஜியார் சொன்னார். வாப்பா சொன்னதைத்தான் அந்த மனிதர் எழுதியிருக்கிறார் என்றார்.

"ஹாஜியார் வாப்பா பேர் எழுதியிருக்கா, ஃபாதர்?" என்று புவாட் மாஸ்டர் கேட்டார்.

"பேர் இல்லை. கீழைநாட்டு வியாபாரி ஒருவர் என்றுதான் இருக்கிறது."

"கீழைநாட்டு வியாபாரின்னா இங்கேயும் ஆயிரம் பேர், ரங்கூன்லேயும் ஆயிரம் பேர்."

இரண்டொருவர் சிரித்தார்கள். புவாட் மாஸ்டர் சிரிக்கவில்லை. பிள்ளைகள் படிக்க வரும் இடத்தில் களவாடிய நூலுக்கு மரியாதை செய்யக் கூடாது, 'பெல்மதுளைப் படிப்பகம்' என்று மட்டும் எழுதி விஷயத்தை முடித்துவிடலாம் என்று தணிந்த குரலில்தான் சொன்னார்.

"என் வாப்பா பேர் இல்லாத கதவை நான் தொறக்க மாட்டேன். பேரை எடுத்தா களவுன்னு நானே ஒத்துக்கிட்ட மாதிரி," என்றார் சாலி ஹாஜியார். "அந்த வியாபாரியைப் பத்தி வேற ஏதாச்சும் எழுதியிருக்கா, பாருங்க ஃபாதர்."

பாதிரியார் தாளைப் புரட்டினார். பக்கத்தின் அடியில் பொடி எழுத்தில் ஒரு குறிப்பு இருந்தது. கண்ணாடியைக் கழற்றிவிட்டுக் கிட்டத்தில் வைத்து வாசித்தார்.

"'எனக்கு இதைக் கற்பித்த வியாபாரிக்கு வலக்கையில் சுட்டுவிரல் இல்லை. அவர் நீட்ட முடியாத விரலைத் துண்டுக்கு அடியில் நானே ஊகிக்க வேண்டியிருந்தது. இந்தச் சிந்தனை அங்கேதான் பிறந்தது.'"

புவாட் மாஸ்டர் சுவரோரம் சாய்த்து வைத்திருந்த கபூரின் படத்தைப் பார்த்தார். கொழும்பு ஸ்டூடியோவில் பெரிதாக்கி வர்ணம் தீட்டி, கண்ணாடிச் சட்டம் போட்டு முந்தாநாள்தான் வந்திருந்தது. வலக்கை முழங்காலின் மேல் விரிந்திருந்தது.

அவர் கிட்டே போய் எண்ணினார். ஐந்து.

"அது வேற யாரோ வியாபாரி, ஹாஜியார்," என்றார்.

எழுபது வயதுத் தரகர் மஷூர், மகனை விட்டால், அந்தக் கூட்டத்தில் கபூரோடு பழகிய ஒரே ஆள். அவர் சாலி ஹாஜியாரின் முகத்தை ஒருமுறை பார்த்துவிட்டுத் தலையைக் குனிந்துகொண்டார்.

சாலி ஹாஜியார் எழுந்தார். படத்தைக் கையில் எடுத்து, சட்டத்தின் பின்பலகையைப் பெயர்த்து, படத்தை வெளியே உருவினார். கூஜாத் தண்ணீரில் கைக்குட்டையை நனைத்தார். பெற்ற தகப்பனின் படத்தை ஈரத் துணியால் தேய்க்கிறாரே என்று யாரோ பதறி எழுந்தார்கள். அவர் நிறுத்தவில்லை.

தேய்த்து முடித்ததும் கைக்குட்டையை உதறி விரித்து, படத்தோடு சேர்த்து எல்லாருக்கும் தெரிய உயர்த்திப் பிடித்தார். துணியில் ஒரு விரல் நீளத்துக்குப் பழுப்புச் சாயம் இருந்தது.

"ஸ்டூடியோக்காரன்கிட்ட நான் சொல்லிப் போட வைச்ச விரல் இது," என்றார், அதே நிமிர்ந்த முதுகோடு. "என் வாப்பாவோட விரல் பதினாறு வயசுல, மாணிக்கக் குழியில கூலிக்கு எறங்கினப்போ கயித்துல சிக்கி அறுந்துபோச்சு. பலகையை மாட்டுங்க மாஸ்டர்."