இடப்பக்கத்து வில்லன்

"டாக்டர் என்ன சொன்னார்?" உதட்டுச் சாயம் பூசிக்கொண்டே கண்ணாடி வழியாகக் கேட்டார் ஆர்ச்சி டால்கார்னோ. குரலில் கவலை இருந்தது.

"அறுபத்தாறு வயசுல குதிரை மாதிரி இருக்கேனாம்." மர்டோ ரென்னி கறுப்பு அங்கியின் கொக்கியை மாட்டினார். "டி.வி.காரங்க இன்சூரன்சுக்காகக் கேட்ட பரிசோதனைதானே. அறிக்கையைத் தபால்ல அனுப்புவாராம். நீ அதுக்குள்ள எனக்கு மலர்வளையம் வாங்கிடாதே."

ஸ்காட்லாந்தின் டண்டி நகரத்துக் கிறிஸ்துமஸ் நாடகத்தில் கிழவி வேஷம் எப்போதும் ஆணுக்குத்தான். பத்தொன்பது வருஷமாக அது ஆர்ச்சிக்கு. கெட்ட பிரபு வேஷம் மர்டோவுக்கு; அவர் மேடையில் தலை காட்டினாலே கூட்டம் ஊளையிட வேண்டும், அதுதான் மரபு.

மர்டோ ஒரு காலத்தில் டி.வி. தொடரில் பதினோரு வருஷம் கொடுமைக்கார வீட்டு உரிமையாளராக வந்தவர். மீன் கடை வாசலில் பெண்கள் அவரைக் குடையால் அடித்திருக்கிறார்கள். அந்தப் பாத்திரத்தைப் பாறையிலிருந்து தள்ளிக் கொன்ற பிறகு, ஆறு வருஷமாக ஒரு அழைப்பும் இல்லை.

இப்போது புதிய தொடர் ஒன்றுக்கு, ஊரே வெறுக்கிற ஒரு கிழவன் தேவை. கடைசியாக மிஞ்சிய பெயர்கள் இரண்டு. மர்டோ, ஆர்ச்சி. முடிவு செய்யத் தயாரிப்பாளர் ஐலா ஃபார்க்கர் இன்று மதியக் காட்சிக்கு வருகிறார்.

"கூட்டம் என்னைப் பார்த்து ஊளையிடறதை அந்தம்மா ஒரு தடவை கேட்டாப் போதும்" என்றார் மர்டோ. "நீ எதுக்குடா இதுல போட்டிக்கு வந்தே? உனக்குப் பாவாடைதான் பொருத்தம். அதுலயே செத்துப்போ."

"சரிப்பா" என்றார் ஆர்ச்சி. பொய்முடியைச் சரிசெய்துகொண்டு எழுந்தார்.

திரை விலகுவதற்கு முன் கிழவி தனியாக மேடைக்குப் போய், அன்று பிறந்தநாள் கொண்டாடும் பிள்ளைகளின் பெயரை வாசிப்பது வழக்கம். ஒப்பனை அறைச் சுவரில் இருந்த ஒலிபெருக்கியில் எல்லாம் கேட்கும். மர்டோ அதை நிறுத்தினார். "முப்பது பிறந்தநாளைக் கேக்க எனக்குப் பொறுமை இல்ல."

மேடையின் இடப்பக்கத்தில் போய் நின்றார். கெட்டவன் எப்போதும் இடப்பக்கமிருந்துதான் வரவேண்டும். வசனப் புத்தகத்திலிருந்து தலையைத் தூக்காத மேடை நிர்வாகி ஷோனா, இன்று எழுந்து வந்து அவர் கையை ஒரு முறை அழுத்திவிட்டுப் போனாள்.

ஆர்ச்சி திரைக்கு உள்ளே வந்தார். கண் மை கலைந்திருந்தது.

"என்ன, இவ்வளவு நேரம்?"

"இன்னிக்கு விஷயம் கொஞ்சம் அதிகம்" என்றார் ஆர்ச்சி.

பச்சை விளக்கு எரிந்தது. புகைக்கு நடுவே மர்டோ நுழைந்து, கைத்தடியை உயர்த்தி, பல்லைக் காட்டினார். தொள்ளாயிரம் பேர் ஊளையிடுகிற இடம் அது.

அமைதி. பிறகு எங்கோ ஒருவர் கை தட்டினார். அரங்கம் முழுக்கத் தட்டியது.

முன் வரிசையில் ஒரு பையன் மட்டும் "ஊ" என்று ஆரம்பித்தான். அம்மா அவன் வாயைப் பொத்தி, காதில் ஏதோ சொன்னாள். அவனும் மர்டோவைப் பாவமாகப் பார்த்துக்கொண்டு கை தட்டத் தொடங்கினான்.

மர்டோ இளவரசியின் நாய்க்குட்டி பொம்மையை எட்டி உதைத்தார். கைதட்டல். "இந்த ஊர்ப் பிள்ளைங்க எல்லாத்தையும் கஞ்சிக்கு அரைக்கப் போறேன்" என்று கர்ஜித்தார். மூன்றாம் வரிசையில் ஒரு பெண் கண்ணைத் துடைத்தாள்.

"உங்களுக்கு ஊளையிடக்கூடத் தெரியாதா? பக்கத்து பெர்த் ஊர்க்காரங்களே தேவலை." இந்த வசனத்துக்கு எந்த வருஷமும் கூரை பிய்யும். இன்று மாடியிலிருந்து ஒரு குரல் மட்டும் வந்தது. "நல்லா இருங்க, மர்டோ."

இடைவேளையில் யாரோ ஒரு பெட்டி இனிப்பு கொடுத்தனுப்பியிருந்தார்கள். மர்டோ அதைக் குப்பைத் தொட்டியில் போட்டுவிட்டு, புருவத்தை இன்னும் கறுப்பாக வரைந்துகொண்டார். ஆர்ச்சி அறைக்கு வரவில்லை.

கடைசி வணக்கத்தின்போது அரங்கமே எழுந்து நின்றது. ஆர்ச்சி அவர் கையைப் பிடித்து உயர்த்தினார். "பாரு, உன்மேல எவ்வளவு பாசம்."

காட்சி முடிந்து ஐலா ஃபார்க்கர் ஒப்பனை அறைக்கு வந்தபோது, மர்டோ அங்கியைக்கூடக் கழற்றவில்லை. ஐலாவின் மூக்கு சிவந்திருந்தது.

"அந்த வேஷம் ஆர்ச்சிக்குத்தான் சார். இடைவேளையிலேயே கையெழுத்து வாங்கிட்டோம்."

"இன்னிக்கு ஒரு நாள்தான் இப்படி. நாளைக்கு வந்து பாருங்கம்மா. என்னைக் கண்டாலே இந்த ஊருக்கு ஆகாது."

"உங்க நடிப்புல குறை இல்ல சார். படப்பிடிப்பு எட்டு மாசம் நடக்கும்." அவர் மர்டோவின் இரண்டு கைகளையும் பிடித்துக்கொண்டார். "டாக்டர் மூணு மாசம்னு நாள் குறிச்சும் மேடை ஏறியிருக்கீங்க. யாரும் ஊளையிட வேண்டாம், கை தட்டுங்கன்னு ஆர்ச்சி கும்பிட்டுக் கேட்டப்போ தியேட்டரே அழுதுடுச்சு."

மர்டோ கைகளை உருவிக்கொண்டார். "எனக்கு ஒண்ணும் இல்லம்மா. அவன் சொன்னது பொய். நான் குதிரை மாதிரி இருக்கேன்."

ஐலா அவர் கன்னத்தை மெதுவாகத் தடவினார்.

"குதிரைன்னுதான் சொல்வீங்கன்னு ஆர்ச்சி சொன்னார்."