விளிம்போடு விளிம்பு

பால் கூட்டுறவுச் சங்கத் தலைவர் தேர்தலில் செல்லக்கனி ஒன்பது வாக்குகளில் தோற்றார். அவருக்கு விழுந்த இருபத்தாறு சீட்டுகளைச் செல்லாதவை என்று ஒதுக்கியிருந்தார்கள். இடப்பக்கம் அவருடைய பூட்டுச் சின்னம். அதற்கு நேர் எதிரே, வலப்பக்கம், பழைய தலைவரின் ஏணி. மடித்தபோது காயாத மை எதிர்ப்பக்கத்திலும் ஒட்டி, இரண்டு சின்னங்களிலும் முத்திரை விழுந்துவிட்டது. இப்படியொரு சீட்டை அச்சிட்டவர் ஒருமுறையேனும் அதை மடித்துப் பார்த்திருக்க வேண்டாமா? சீட்டின் அமைப்பே பிழை என்று செல்லக்கனிக்காக மனுவை ஊர்ப் பள்ளி வாத்தியாரான நானே எழுதினேன்.

விசாரணையன்று நீதிபதி சீட்டுகளை ஒவ்வொன்றாக விரித்துப் பார்த்தார். "மத்த சீட்டெல்லாம் கசங்கிக் கிடக்கு. இந்த இருபத்தாறு மட்டும் எப்படிம்மா இவ்வளவு நேர்த்தியா, ஒரே மாதிரி மடிஞ்சிருக்கு?"

"எங்க சார்தான் முந்தின நாளே எல்லாரையும் உக்கார வச்சுச் சொல்லிக்குடுத்தாகய்யா," என்றார் செல்லக்கனி, என்னைக் காட்டிப் பெருமையாக. "விளிம்போட விளிம்பு சேரணும், நகத்தால அழுத்தித் தேய்க்கணும்னாக. அப்படியே செஞ்சோம்."

"வாத்தியாரே கவுத்துட்டாரு!" என்று எதிர்த்தரப்பில் யாரோ சிரித்தார்கள். சிரிப்பின் காரணம் புரியாமல் செல்லக்கனி என்னைத் திரும்பிப் பார்த்தார்.

தீர்ப்பின் நகல் இன்று வந்தது. படித்து முடித்துவிட்டேன்; மனு தள்ளுபடி. பால்கேனை இறக்கி வைத்துவிட்டு அவர் வாசலில் காத்து நிற்கிறார்.

"என்ன சார் போட்டிருக்கு? நம்ம பக்கந்தானே?"

நான் குனிந்து பார்த்தேன். தாள் என் கையில் இரண்டாக மடிந்திருந்தது, விளிம்போடு விளிம்பாக. கட்டைவிரல் நகம் இன்னும் மடிப்பைத் தேய்த்துக்கொண்டிருந்தது.