நாற்காலியில் இருப்பவர்

ஹேமலதாவின் வீடியோக்களில் மனிதர்கள் வரமாட்டார்கள். மனிதர்கள் எழுந்துபோன இடங்களை மட்டும் கேமராவை அசைக்காமல் எடுப்பதுதான் முப்பது வருடங்களாக அவருடைய பாணி. மகன் தயாளனை ஜீப்பில் வந்தவர்கள் ஏற்றிக்கொண்டு போன பிறகு, அவன் பிறந்தநாள்தோறும் சாப்பாட்டு மேசையில் அவனுடைய காலி நாற்காலியை வீடியோ எடுத்தார். காணாமல்போனோர் விசாரணையில் அந்த வீடியோக்களையே சாட்சியமாகக் கொடுத்தார்.

வீடியோவில் விடுபட்டதாகத் தோன்றுவதை, அதைக் காட்டும் திரையே தானாக ஊகித்து வரைந்து நிரப்பிவிடும். அப்படி நிரப்பாத திரை இப்போது எங்கும் இல்லை. விசாரணை அலுவலகத் திரை அந்த நாற்காலியில் தயாளனை உட்காரவைத்திருந்தது. அவன் சோறு பிசைந்துகொண்டிருந்தான்.

“காணோம்ங்கிறீங்க. போன வருசம்கூட வீட்ல உக்காந்து சாப்பிடுறாரே மேடம்?” என்றார் அதிகாரி.

“அது உங்க மெஷின் உக்கார வெச்சது சார். நான் எடுத்தது வெறும் நாற்காலி.”

“வெறும் நாற்காலிய யாராவது ஒரு மணி நேரம் எடுப்பாங்களா?”

வழக்கை முடித்துவைக்கும் பட்டனுக்கு அதிகாரி விரலைக் கொண்டுபோனார்.

ஹேமலதா திரையையே பார்த்துக்கொண்டிருந்தார். வருடத்துக்கு வருடம் தயாளனுக்கு முன்நெற்றியில் வழுக்கை ஏறிக்கொண்டே வந்தது, அவன் அப்பாவுக்கு ஏறியதைப் போலவே. கடைசி வீடியோவில் அவன் தலைநிமிர்ந்து, கேமராவுக்குப் பின்னால் நின்ற அம்மாவைப் பார்த்துச் சிரித்தான்.

“சார், முடிக்கிறதுக்கு முன்னாடி அத இன்னொரு தடவ போடுங்க” என்றார்.