வாசலை மிதிக்கலாகாது

சங்கக் கதவுக்கு அந்தப் பக்கம் என் அப்பாவின் அடக்கச் சாப்பாடு. இந்தப் பக்கம் நானும் மழையும்.

நடுவில் இட்வல் நின்றான். ஆறு வருடம் ரக்பி ஆட்ட முன்வரிசையில் என்னோடு தோள் கோத்து முட்டித் தள்ளியவன். எங்கள் ஊர் ரக்பி சங்கத்துக்குச் செயலாளராகி மூன்று வாரம்தான் ஆகிறது.

"உள்ள விட முடியாதுடா மெர்வ். சட்டம் நான் போட்டதில்ல."

சட்டம் எனக்கு மனப்பாடம். எங்கள் வேல்ஸ் பள்ளத்தாக்கில் பதினைந்து பேர் ஆடும் ரக்பிக்குக் கூலி கிடையாது. மூக்கு உடைந்தால் ஒரு பீர், அவ்வளவுதான். 1965-இல் நான் வடக்கே, இங்கிலாந்தின் யார்க்‌ஷயருக்குப் போய், பதின்மூன்று பேர் ஆடும் ரக்பியைச் சம்பளத்துக்கு ஆடினேன். அப்படிப் போனவன் செத்தவனுக்குச் சமம். சுவரிலிருந்து என் படத்தைக் கழற்றினார்கள். ஊர் எனக்கு 'மெர்வின் வடக்கு' என்று பெயர் வைத்தது.

ஒன்பது வருடத்தில் நான் சேர்த்தது ஒரு வீடு, ஒரு தொப்பை, மூன்று பொய்ப்பல்.

அப்புறம் சங்கம் அனுப்பிய அந்தக் கடிதம். எந்தக் கோட்டு மாற்றினாலும் அதுவும் கூடவே பை மாறும். 'அன்புள்ள' கூடக் கிடையாது. 'தங்கள் கால் இனி எங்கள் வாசலை மிதிக்கலாகாது.' கீழே 'செயலாளர்'. அதன் மேல் ஒரு கையெழுத்து.

உள்ளே, எங்கள் ஊர்த் தேவாலயக் கூரையின் ஈயத்தகட்டைத் திருடிச் சிறைக்குப் போன டாய், இரண்டாம் தட்டுப் பன்றித்தொடை தின்றுகொண்டிருந்தான். அவனுக்குத் தடையில்லை. திருடினான்தான், சம்பளத்துக்கு ரக்பி ஆடவில்லையே.

"அப்பாவுக்கு ஒரு கோப்பை தூக்காம நான் நகரமாட்டேன் இட்வல். இங்கயே கல்லு மாதிரி நிப்பேன். வடக்க எனக்கு அதுக்குத்தான் சம்பளமே குடுத்தாங்க."

இட்வல் கதவைச் சாத்தினான். தாழ்ப்பாள் சத்தம் கேட்டது.

நின்றேன். மழை காலருக்குள் இறங்கியது. இன்னும் நின்றேன்.

பக்கத்து ஜன்னல் திறந்தது. இட்வலின் தலை.

"என்னடா மரம் மாதிரி நிக்கிற? ஏறு."

"சட்டம் என்ன ஆச்சு, செயலாளரே?"

"அது வாசல்ல இருக்கு. பத்திரமா பூட்டி வெச்சிருக்கேன்."

நான் நூற்றுப் பத்து கிலோ. தலை போயிற்று, தோள் போயிற்று, தொப்பை போகவில்லை. இட்வல் காலரைப் பிடித்து இழுத்தான். டாய் தட்டை வைத்துவிட்டு வந்து என் கையைப் பற்றினான். ஜன்னல் வேலையில் அனுபவஸ்தன். பின்னால் தாமதமாக வந்த பாதிரியார் குடையை மடக்கி வைத்துவிட்டு, குனிந்து, தோளைக் கொடுத்து முட்டினார். அவரும் பழைய முன்வரிசைதான்.

ஊறுகாய் மேசை மேல் போய் விழுந்தேன். யாரும் சிரிக்கவில்லை. யாரோ என் கையில் ஒரு பீரை வைத்தார்கள்.

"இது உன் மூளையில உதிச்சதில்லையே," என்றேன் இட்வலிடம்.

"எனக்கேதுடா மூளை. பழைய செயலாளர் ஆஸ்பத்திரியில சாவியக் குடுக்கும்போது சொன்னார். 'கதவுல கண்டிப்பா இரு. அந்த ஜன்னலுக்கு மட்டும் கொக்கி போட்டுறாத'ன்னு."

கடிதத்தை எடுத்து மேசையில் விரித்தேன். கால். வாசல். ஒன்பது வருடமாகப் படிக்கிறேன். வேறெதையும் அதில் தடுக்கவில்லை என்பது இப்போதுதான் உறைத்தது.

கோப்பையைத் தூக்கினேன். "செயலாளருக்கு," என்றேன்.

அறை முழுக்க எழுந்து நின்றது.

என் பள்ளித் தேர்ச்சி அறிக்கைகளில், 'பெற்றோர்' என்ற இடத்தில் இருப்பதும் கடிதத்தில் உள்ள அதே கையெழுத்துதான்.