பேங்க் சுவரில் ஓர் ஆணி

பதினைந்து வருட வீட்டுக் கடனில் கடைசித் தவணையையும் கட்டிவிட்ட தெம்பில், வீட்டுப் பத்திரத்தை வாங்கிவரக் கிளாவரையிலிருந்து கொடைக்கானலுக்கு பஸ் ஏறினார் வேலுச்சாமி. போகிற வழியில் மறக்காமல் ஓர் ஆணியும் வாங்கிச் சட்டைப் பையில் போட்டுக்கொண்டார்.

அந்த வீட்டுச் சுவரில் ஆணி அடிக்க அவர் யாரையும் விட்டதில்லை. மனைவி அன்னக்கொடி ஒரு காலண்டர் மாட்டக் கேட்டாலும், "இது பேங்க்காரன் சுவரு. கடன் முடியட்டும், அப்புறம் ஒன் இஷ்டத்துக்கு அடி" என்பார்.

"வட்டி ஏறிக்கிட்டே கெடக்காம்ல. ஒரு எட்டுப் போயிக் கேட்டுட்டு வாங்க" என்பாள் அவள்.

"மாசத் தவணை ஏறுச்சா? என் மூஞ்சியப் பாத்து பேங்க்காரனே பயந்து கெடக்கான்."

பேங்கில் மேனேஜர் கம்ப்யூட்டரைப் பார்த்தார். "இன்னும் ஆறு வருசம் இருக்குங்க. வட்டி ஏறுறப்பல்லாம் தவணைய ஏத்தாம மாசத்தக் கூட்டியிருக்கோம். லெட்டர்கூட போட்டோமே."

லெட்டர் வந்தது உண்மைதான். விதைப்பூண்டு பொதிய நல்ல காகிதம் என்று வேலுச்சாமிதான் எடுத்துக்கொண்டார்.

"அப்ப மொத்தமா எவ்வளவுங்க ஆகும்?"

"வாங்குனதப் போல ரெண்டரை மடங்கு."

"ரெண்டரை வீட்டுக்குக் கட்டிக்கிட்டு ஒத்த வீட்டுல இருக்கேன். பயந்தவன் நல்லாத்தான் பயந்திருக்கான்" என்று சிரித்துவிட்டு எழுந்தார்.

வீட்டுக்கு வந்ததும் சுத்தியலை எடுத்து, பேங்க்காரன் சுவரிலேயே ஆணியை அடித்தார். ஒரு வருடமாகப் பெட்டிமேல் சாய்ந்திருந்த அன்னக்கொடியின் படத்தை அதில் மாட்டி, மாலையைச் சரிசெய்தார்.

"நீ சொன்னபடியே போயிக் கேட்டுட்டு வந்துட்டேன்" என்றார்.