சாரதாமணியின் நிதானம்

முதலாளியிடம் அனுமதி வாங்கி, பனியன் கம்பெனியில் மூன்று நாள் வாயே திறக்காமல் படம் பிடித்தான் நித்தீஷ். டெய்லர் சாரதாமணி துணியைத் தடவித் தடவி, ஒவ்வொரு தையலையும் நின்று ரசித்துத் தைத்த அழகில் சொக்கிப்போனான்.

குறும்படத்துக்கு முதல் பரிசு கிடைத்தது. "இது தையல் அல்ல, தியானம்!" என்று நெகிழ்ந்தார் நடுவர்.

கேடயத்தோடு கம்பெனிக்கு ஓடினான். "நம்ம படத்துக்கு முதல் பரிசுங்க்கா! இத்தனை நிதானம் உங்களுக்கு எப்படீங்க்கா வந்துச்சு?"

"அட, சினிமாவா புடிச்சீங்க?" சாரதாமணி திகைத்தாள். "ஒரு பீஸுக்கு எத்தன நிமிசம்னு அளக்க வந்த ஆபீஸருன்னு நெனச்சுப்போட்டனுங்க தம்பி! வெரசாத் தச்சா டார்கெட்ட ஏத்திப்போடுவாங்கல்ல?"

சொல்லி முடிப்பதற்குள் நான்கு பனியனுக்குக் கழுத்து தைத்துப் போட்டிருந்தாள்.